ராம்லி படங்களுக்கு ஒளிப்பதிவாளரே கிடையாதா?

ஆசிரியர் ஐயா அவர்களுக்கு,

வணக்கம். போன ஞாயிறு மலரில் மலாய்த் திரைக் கலைஞர் பி. ராம்லிக்கு நான்கு பக்கம் ஒதுக்கியிருந்தீர்கள், மகிழ்ச்சி. ஆனால் உங்கள் கட்டுரையாளர் 'அந்தப் படங்களின் ஒளியும் நிழலும்கூட அவர் கைவண்ணமே' என்று போகிற போக்கில் ஒரு வரி எழுதியிருக்கிறாரே, அதைப் படித்ததிலிருந்து எனக்கு மனசே ஆறவில்லை. நடித்தார், பாடினார், இசையமைத்தார், 1955-இல் 'பெனாரிக் பெச்சா'விலிருந்து இயக்கவும் செய்தார், எல்லாம் சரி. கேமராவுக்குப் பின்னாலும் அவரேதான் நின்றார் என்றால் முன்னால் நின்றது யார் ஐயா?

ஏ. பக்கார் அலி என்ற பெயரைத் தங்களுக்கு நான் சொல்லித் தரவேண்டியதில்லை. சிங்கப்பூரில் ஷா சகோதரர்களின் ஜாலான் அம்பாஸ் ஸ்டூடியோவில் ராம்லி இயக்கிய படங்கள் பலவற்றுக்கு அவர்தான் ஒளிப்பதிவாளர். 1958-இல் வந்த 'சும்பா ஓராங் மின்யாக்' படத்துக்காக ஆசியத் திரைப்பட விழாவில் கறுப்பு வெள்ளை ஒளிப்பதிவு விருது வாங்கியவர். 1963-இல் தோக்கியோவில் ராம்லிக்குக் கிடைத்த பன்முகத் திறமை விருதைப் பத்திக்குப் பத்தி எழுதத் தெரிந்தவர்களுக்கு இது மட்டும் எப்படிக் கண்ணில் படாமல் போனது?

நான் தைப்பிங்கில் கல்யாணப் படம் எடுத்துப் பிழைத்தவன். கறுப்பு வெள்ளை ஃபிலிம் காலத்திலேயே தொழிலுக்கு வந்துவிட்டேன். அதனால் சொல்கிறேன், 'ஓராங் மின்யாக்' என்றால் எண்ணெய் மனிதன்; உடம்பெல்லாம் கறுப்பு எண்ணெய் பூசிய ஓர் ஆளை ராத்திரிக் காட்சியில் காட்டுவது விளையாட்டு இல்லை. விளக்கைப் பின்பக்கமாகவோ பக்கவாட்டிலோ வைத்து அந்த மினுமினுப்பை மட்டும் பிடிக்கவேண்டும், கொஞ்சம் கூடினால் ஆள் வெளுத்துப்போவான், கொஞ்சம் குறைந்தால் திரையில் வெறும் இருட்டுதான். அப்புறம் 1962-இல் வந்த 'இபு மெர்துவாகு'. அதில் ராம்லி நடித்த, பார்வை போன காசிம் செலாமாட் கறுப்புக் கண்ணாடி போட்டுக்கொண்டு வருகிறானே, கண்ணாடி போட்ட மாப்பிள்ளையை ஒரு தடவை படம் எடுத்துப் பார்க்கச் சொல்லுங்கள் உங்கள் கட்டுரையாளரை. விளக்கு இரண்டும் கண்ணாடியில் போய் உட்கார்ந்துகொள்ளும். ராம்லி மேதைதான், யார் இல்லை என்றது. மேதை நடித்துக்கொண்டிருக்கும்போது விளக்கைத் தள்ளி வைக்க ஒருவன் வேண்டாமா?

இது உங்களுக்குப் புதுப் பழக்கமும் இல்லை. தீபாவளி மலரில் 'மலாய் சினிமாவை வளர்த்த நம்மவர்கள்' என்று எழுதினீர்கள். 1950-இல் 'பக்தி' படத்தில் ராம்லியைக் கதாநாயகனாக்கிய இயக்குநர் எல். கிருஷ்ணனுக்கு முழுப் பக்கம், நியாயம்தான், எனக்கும் பெருமைதான். ஆனால் அதிலும் ஒரு கேமராக்காரர் பெயர் வரவில்லை, தமிழர் பெயரும் இல்லை மலாய்க்காரர் பெயரும் இல்லை. இதைச் சுட்டிக்காட்டி அப்போதே கடிதம் போட்டேன். 'மலர் அருமை' என்ற முதல் வரியை மட்டும் அச்சிட்டு மிச்சத்தை வெட்டிவிட்டீர்கள், தங்கள் பெருந்தன்மைக்கு நன்றி.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். எங்கள் ஊர்த் தைப்பூசத்தில் நான் எடுத்த காவடிப் படம் ஒன்று உங்கள் பக்கத்தில் வருஷா வருஷம் வருகிறது. கீழே 'கோப்புப் படம்' என்று போடுகிறீர்கள். கோப்பு எப்படி ஐயா படம் எடுக்கும்? வெயிலில் வெறுங்காலோடு நின்றது நான். காசு கேட்கவில்லை, கேட்டாலும் வராது என்பது வேறு விஷயம். படம் எடுக்கிறவனுக்குப் பெயர் இல்லை என்று முடிவு செய்துவிட்டவர்களுக்குப் பக்கார் அலி மட்டும் எப்படித் தெரிவார்? அந்தப் படங்கள் தொடங்கும்போதே பெயர்ப் பட்டியல் ஓடுகிறது. கட்டுரை எழுதுகிறவர் அந்த இரண்டு நிமிடத்தைத் தள்ளிவிடாமல் பார்த்தால் போதும்.

பெரிதாக ஒன்றும் கேட்கவில்லை. அடுத்த ஞாயிறு எங்காவது ஒரு மூலையில், 'சும்பா ஓராங் மின்யாக்', 'இபு மெர்துவாகு' படங்களின் ஒளிப்பதிவாளர் ஏ. பக்கார் அலி என்று இரண்டு வரி போடுங்கள். இடம் போதவில்லை என்றால் ராசிபலனில் என் ராசியை எடுத்துவிடலாம், எனக்கு ஆட்சேபணை இல்லை. இந்தக் கடிதத்தை மட்டும் முதல் வரியோடு நிறுத்திவிட வேண்டாம்.

இப்படிக்கு,
பழைய வாசகன்,
தைப்பிங்