நூலக வாசகர் வட்டம்: செயலாளரின் ஆண்டறிக்கை

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களுக்கும், வந்திருக்கும் பெற்றோர்களுக்கும், டீச்சர்களுக்கும் வணக்கமுங்க.

இந்த ஆண்டு செயற்குழு மார்கழி தவிர மாதாமாதம் கூடியது. புது அலமாரி ஒன்று வந்தது. கூரை ஒழுகுவது மட்டும் அப்படியே இருக்கிறது. மற்றதைப் பொருளாளர் சொல்வார். சனிக்கிழமை வாசிப்புச் சோதனையைப் பற்றி நான் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன், நாங்கள் நிறையத் தப்புப் பண்ணியது அதில்தான்.

சென்னிமலைப் பக்கம் தறி ஓடாத தெரு குறைவு. பிள்ளை வாய்விட்டுப் படித்தாலும் தறிச் சத்தத்தில் வீட்டில் யார் காதிலும் விழாது. நாமாவது உட்கார்ந்து கேட்போமே என்று ஆரம்பித்தோம். முறை எளிதுதான். பிள்ளை முன்பின் பார்க்காத பத்தியை ஒரு நிமிடம் வாசிக்க வேண்டும். நம் கைப்பிரதியில் மாற்றி வாசித்த சொல், விட்ட சொல் மேல் கோடு போட வேண்டும். ஒரு சொல்லில் மூன்று விநாடி திணறினால் நாமே சொல்லிக் கொடுத்துப் பிழையாகக் குறிக்க வேண்டும். பிள்ளையே திருத்திக்கொண்டால் பிழையில்லை. 58 சொல் வாசித்து 6 பிழை என்றால் கணக்கு 52. அமெரிக்காவில் ஸ்டான்லி டெனோ என்ற பேராசிரியரும் அவர் குழுவும் மினசோட்டாவில் வளர்த்த முறையிலிருந்து வந்தது இது.

முதல் வாரம் பாடப்புத்தகத்தையே கொடுத்தோம். மூன்றாம் வகுப்புப் பாப்பா ஒன்று கடகடவென்று வாசித்தது. பக்கம் முடிந்துவிட்டது, வாசிப்பு நிற்கவில்லை. அடுத்த பக்கத்தைப் புரட்டாமலேயே சொல்லிக்கொண்டு போகிறது! அவ்வளவும் மனப்பாடம். அப்புறம்தான் வாய்க்கால், ஆட்டுப்பட்டி, மஞ்சள் காய்ச்சுவது என்று நாங்களே பத்தி எழுதினோம்.

எந்த வகுப்புப் பிள்ளை நிமிடத்துக்கு எத்தனை சொல் வாசிக்கும் என்று காட்டும் அமெரிக்க அட்டவணையை உறுப்பினர் ஒருவர் கொண்டு வந்தார். 2017-ல் ஹாஸ்ப்ரூக், டிண்டல் என்ற ஆய்வாளர்கள் வெளியிட்டது. மூன்றாம் வகுப்புக் கடைசியில் நடுமட்ட அளவு 112 சொல். அதை வைத்துப் பார்த்தால் நம் ஊரில் ஒரு பிள்ளையும் தேறாது. 'படித்துக்கொண்டிருந்தவர்களிடம்' என்பது நமக்கு ஒரே சொல், 17 எழுத்து; ஆங்கிலத்தில் அதற்கு நாலைந்து சொல் வேண்டும். 2022-ல் மத்திய அரசின் கல்வி ஆராய்ச்சி அமைப்பான என்சிஇஆர்டி மூன்றாம் வகுப்புப் பிள்ளைகளிடம் 20 மொழிகளில் ஆய்வு செய்தபோது மொழிவாரியாகத்தான் அளவு வைத்தார்கள். அட்டவணையை மடித்து வைத்துவிட்டோம். இப்போது ஒரு பிள்ளையை அதே பிள்ளையின் போன மாதக் கணக்கோடு மட்டும்தான் ஒப்பிடுகிறோம்.

பெரிய சண்டை வந்தது ஒரே சொல்லுக்கு. 'வந்தார்கள்' என்றிருந்ததை ஒரு பையன் 'வந்தாங்க' என்று வாசித்தான். பிழைதான் என்று பாதிப்பேர். பொருள் புரிந்துதானே பேச்சுக்கு மாற்றினான் என்று மீதிப்பேர். டீ ஆறிப்போனதுதான் மிச்சம். கடைசியில், 'வாழை' 'வாளை' என்று உச்சரிப்பு மட்டும் மாறினால் விட்டுவிடுவது, சொல்லே மாறினால் கோடு போட்டு ஓரத்தில் குறிப்பு எழுதுவது என்று முடிவானது. எனக்கு இன்னும் முழுச் சம்மதமில்லை, அந்தப் பையன் படித்தது சரி என்பதே என் கட்சி.

வேலைக்காக வடக்கேயிருந்து வந்த குடும்பத்துப் பெண் ஒருத்தி தங்குதடையில்லாமல் வாசித்தாள். "ஆடு எதைத் தின்னுச்சு கண்ணு?" என்று கேட்டதற்கு எங்கள் முகத்தையே பார்த்தாள். எழுத்து கைக்கு வந்துவிட்டது, சொல் வரவில்லை. அன்றிலிருந்து வாசித்து முடித்ததும் மூன்று கேள்வி கட்டாயம். அரசுப் பள்ளியின் 'எண்ணும் எழுத்தும்' திட்ட வகுப்பில் பிள்ளைகளை அரும்பு, மொட்டு, மலர் என்று நிலைவாரியாகப் பிரிப்பதற்கு இந்தக் குறிப்புகள் உதவின என்று டீச்சர்களே சொன்னார்கள்.

இன்னொன்று. கடிகாரத்தை மேசைமேல் வைத்தபோது பிள்ளைகள் வாசிப்பதை விட்டு முள்ளையே பார்த்தார்கள். இப்போது அது என் மடியில் இருக்கிறது.

வரும் ஆண்டுக்கு, சனிக்கிழமை பத்து மணிக்கு வந்து உட்கார இரண்டு பேர் தேவை. பெரிய படிப்பெல்லாம் வேண்டாமுங்க. பிள்ளை திணறும்போது மூன்று விநாடி வாயைத் திறக்காமல் இருக்கத் தெரிந்தால் போதும். பெயரைப் பொருளாளரிடம் கொடுத்துவிடுங்கள்.