ஐந்தாறு நிமிஷம் பறக்கிற ராக்கெட்

அன்பு மகளுக்கு,

நேற்று போனில் நீ சொன்னதையே நினைத்துக்கொண்டு ராத்திரி வெகுநேரம் விழித்துக் கிடந்தேன். "இரண்டு வருஷ வேலைம்மா. நான் செய்த கருவி ராக்கெட்டில் மேலே போய் ஐந்தாறு நிமிஷத்தில் கடலில் விழுந்துவிடும். கூடப் படித்தவர்கள் எல்லாம் சந்திரயான், ககன்யான் என்று போய்விட்டார்கள். நான் இன்னும் மேல்காற்றை அளந்துவிட்டு விழுகிற சின்ன சவுண்டிங் ராக்கெட்டில் கிடக்கிறேன்" என்றாய். குரலே உள்ளே போயிருந்தது. எனக்குப் போனில் பேச்சு ஓடாது, உனக்கே தெரியும். அதனால் எழுதுகிறேன்.

மக்களே, உன் சின்ன ராக்கெட்டோடு எனக்குப் பழக்கம் உன்னைவிட அதிகம். 1963 நவம்பர் 21, வியாழக்கிழமை. நான் மூன்றாம் வகுப்பு. விளக்கு வைக்கிற நேரம். ஆச்சி முற்றத்திலிருந்து கூப்பிட்ட கூப்பில் வீடே வெளியே ஓடியது. மேற்கே வானத்தில் ஆரஞ்சு நிறத்தில் ஒரு கோடு. பார்த்துக்கொண்டிருக்கும்போதே அது வளைந்து, நெளிந்து, அகன்று மேகம் மாதிரி ஆனது. ஆனால் மேகம் அப்படி எரியாது. தெருவில் சிலர் கையெடுத்துக் கும்பிட்டார்கள். கெட்ட சகுனம் என்றார் எதிர்வீட்டுப் பாட்டையா. இரண்டு நாளில் கென்னடியைச் சுட்டுக் கொன்ற செய்தி ரேடியோவில் வந்ததும், பார்த்தீர்களா என்று தெருவெல்லாம் சொல்லிக்கொண்டு நடந்தார்.

அது திருவனந்தபுரத்துக்குப் பக்கத்தில் இருக்கிற தும்பாவிலிருந்து போன முதல் ராக்கெட் என்று அப்பா பேப்பரைப் படித்துத்தான் எங்களுக்குத் தெரிந்தது. ராக்கெட் ஏறக்குறைய 200 கிலோமீட்டர் உயரத்துக்குப் போய், வழியில் சோடியம் ஆவியைக் கக்கியிருக்கிறது. நமக்குச் சூரியன் மறைந்துவிட்டாலும் அந்த உயரத்தில் வெயில் அடித்துக்கொண்டுதான் இருக்கும். அந்த வெயிலில் சோடியம் மின்னியது. கோடு எந்தப் பக்கம், எவ்வளவு வேகமாக நகர்கிறது என்று பல இடங்களிலிருந்து படம் எடுத்தால், அத்தனை உயரத்தில் காற்று எப்படி வீசுகிறது என்று கணக்குப் போட்டுவிடலாம். காற்றுக்கு உருவம் கொடுத்துக் காட்டினார்கள் என்று அப்பா சொன்னார். நான் பின்னால் பிஸிக்ஸ் எடுத்துப் படித்ததற்கு அந்த ஒரு வாக்கியம் போதுமாக இருந்தது.

அந்த ராக்கெட் நம்முடையது கிடையாது. அமெரிக்காவின் நைக்-அப்பாச்சி. சோடியம் கருவி பிரான்சிலிருந்து வந்தது. ஹெலிகாப்டரும் கம்ப்யூட்டரும் சோவியத் யூனியன் கொடுத்தது. ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காத காலத்தில் அவர்கள் எல்லோரும் ஒரு மீனவ கிராமத்தில் வந்து கூடினார்கள் என்றால், காரணம் அந்த மண்ணின் இருப்பிடம். பூமியின் காந்தப்புலத்துக்கு நடுக்கோடான காந்த நடுவரை தும்பாவை ஒட்டிப் போகிறது. மேலும் கீழும் சாயக்கூடிய காந்த ஊசியை அங்கே கட்டித் தொங்கவிட்டால் ஏறக்குறையக் கிடையாகவே நிற்கும். நம் நாகர்கோவில் பள்ளி ஆய்வகத்திலும் அப்படித்தான் நின்றது. ஊசி கெட்டுப்போச்சு டீச்சர் என்று வருஷா வருஷம் யாராவது ஒரு பிள்ளை சொல்லும். கெடவில்லை, நாம் நிற்கிற இடம் அப்படி என்று சொல்லும்போது எனக்கு எப்போதும் ஒரு பெருமை. அந்தக் கோட்டுக்கு மேலே, 100 கிலோமீட்டர் உயரத்தை ஒட்டிப் பகலில் கிழக்கு நோக்கி மின்னோட்டம் ஓடுகிறதே, அதைத்தானே நீ இப்போது அளக்கப் போகிறாய்? எலெக்ட்ரோஜெட் என்ற பெயரை நான் கல்லூரியில் முதலில் கேட்டபோது, நம் தலைக்கு மேலே ஓர் ஆறு ஓடுவது மாதிரித்தான் மனதில் பதிந்தது.

ஒரு விஷயம் சொல்ல வேண்டும். சவுண்டிங் என்றால் சத்தம் சம்பந்தப்பட்டது என்றே பல வருஷம் பிள்ளைகளுக்குத் தவறாகச் சொல்லிக் கொடுத்தேன். இன்றும் அதை நினைத்தால் மனசு குத்தும். அது கப்பல்காரர்களின் சொல். ஈயக் குண்டு கட்டிய கயிற்றைத் தண்ணீரில் இறக்கி, இங்கே எத்தனை ஆழம் என்று பார்க்கிற வேலை. ஆழம் பார்ப்பது என்று நாம் சொல்வோமே, அதேதான். கயிறு கீழே போவதற்குப் பதிலாக ராக்கெட் மேலே போகிறது. கயிறு தண்ணீரிலேயே கிடப்பதில்லையே. போகும், தொடும், திரும்பும்.

பலூன் 40 கிலோமீட்டர் வரை போகும். செயற்கைக்கோள் 200 கிலோமீட்டருக்குக் கீழே வந்தால் காற்று உரசி நாள்பட நிற்காது. நடுவில் இருக்கிற அந்த அடுக்குக்குள் கருவியைக் கொண்டுபோய் வைத்து அளக்க உன் ஐந்தாறு நிமிஷத்தை விட்டால் வேறு வழியே இல்லை. இது நான் சொல்லி உனக்குத் தெரிய வேண்டியதில்லை. அலுப்பில் மறந்திருப்பாய் என்றுதான் எழுதுகிறேன்.

தும்பா மக்களைப் பற்றி ஒரு வார்த்தை. கடற்கரையில் மக்தலேனா மரியாள் கோயில். ராக்கெட் ஏவ அந்த இடம் வேண்டும் என்று பிஷப் பீட்டர் பெர்னார்டு பெரேராவிடம், நம் விண்வெளித் திட்டத்தைத் தொடங்கிய விக்ரம் சாராபாய் போய்க் கேட்டார். பிஷப் ஞாயிற்றுக்கிழமைப் பூசையில் ஊராரிடமே கேட்டார். ஊரார் கோயிலையும் வீட்டையும் கடற்கரையையும் விட்டுக்கொடுத்துத் தள்ளிப் போனார்கள். கடலை நம்பிப் பிழைக்கிறவர்களுக்கு வள்ளம் இறக்குகிற இடத்தை விடுவது என்பது சும்மா இல்லை. கோயில்தான் பட்டறை, பிஷப் வீடுதான் ஆபீஸ். முதல் ராக்கெட்டை ஏவுதளத்தில் தூக்கி வைக்கும்போது கிரேனில் எண்ணெய் ஒழுகிவிட, நம் ராமேஸ்வரத்துக் கலாமும் கூட இருந்தவர்களும் கையாலேயே தூக்கி நிறுத்தினார்களாம். ராக்கெட்டின் மூக்குக் கூம்பை சைக்கிள் கேரியரில் வைத்துத் தள்ளிக்கொண்டு போகிற படம் இருக்கிறதே, பிரெஞ்சுப் புகைப்படக்காரர் கார்த்தியே-பிரெசோன் எடுத்தது, அதுவும் தும்பாதான்.

அடுத்தவர் ராக்கெட்டையே ஏவிக்கொண்டு இருந்திருக்கலாம். யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். 1967 நவம்பர் 20, அந்த ஆரஞ்சு மேகத்துக்கு நான்கு வருஷம் ஆக ஒரு நாள் குறைவு. நம் ஆட்களே செய்த ரோகிணி ஆர்.எச்-75 பறந்தது. 75 என்பது குறுக்களவு, மில்லிமீட்டரில். நம் வீட்டு எவர்சில்வர் டம்ளரின் வாய் அவ்வளவுதான் இருக்கும். அப்புறம் 100, 125. ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து 1971 அக்டோபர் 9 அன்று முதன்முதலாகப் போனதே அந்த 125தான். அதே டிசம்பரில் கோவளத்தில் சாராபாய் இறந்துபோனார். மேனகா என்றும் சில ராக்கெட்டுகள் இருந்தன. 1975-ல் எல்லாவற்றையும் ரோகிணித் திட்டம் என்று ஒரே குடைக்குள் கொண்டுவந்தார்கள். ஆர்.எச்-200 என்றால் 10 கிலோவை 80 கிலோமீட்டருக்குத் தூக்கும். நீ கருவி வைக்கப்போகிற ஆர்.எச்-300 என்றால் 60 கிலோவை 160 கிலோமீட்டருக்கு. 560 என்றால் 100 கிலோவை 470 கிலோமீட்டருக்கு. டம்ளரில் தொடங்கியது கல்யாண வீட்டு அண்டா அளவுக்கு வந்துவிட்டது.

குழாயைப் பெரிதாக்கினால் ராக்கெட் பெரிதாகிவிடும் என்று நானும் ஒரு காலத்தில் நினைத்தேன். கஷ்டம் எல்லாம் உள்ளே வார்க்கிற எரிபொருளில் இருக்கிறது. அம்மோனியம் பெர்குளோரேட்டையும் அலுமினியத் தூளையும் ரப்பர் மாதிரியான பசையில் பிசைந்து, நடுவே ஒரு துளை விட்டு வார்த்து, சூட்டில் இறுக வைக்க வேண்டும். உள்ளே ஒரு காற்றுக்குமிழி, மயிரிழை மாதிரி ஒரு விரிசல் இருந்தால் போதும். தீ அதற்குள்ளும் புகும், எரிகிற பரப்பு கூடும், அழுத்தம் எகிறும், மோட்டார் என்று சொல்கிற அந்த எரிபொருள் குழாயே வெடித்துவிடும். அளவு கூடக்கூட, குறை இல்லாமல் வார்ப்பது அத்தனைக்கத்தனை கஷ்டம். அதை 75-ல் கற்றுக்கொண்டு 125-க்குப் போனார்கள், 125-ல் கற்றுக்கொண்டு 200-க்குப் போனார்கள். பிரான்சிடம் உரிமம் வாங்கி சென்டார் ராக்கெட்டை இங்கேயே செய்ததிலும் நிறையக் கற்றார்கள். இன்று பி.எஸ்.எல்.வி.யின் முதல் கட்டம் 2,800 மில்லிமீட்டர். சந்திரயானைத் தூக்கிய எல்.வி.எம்-3-ன் பக்கவாட்டு மோட்டார் 3,200. உன் தோழிகள் வேலை செய்கிற ராக்கெட்டுகளின் வயிற்றுக்குள் இருக்கிற வித்தை எங்கே கற்றது என்று இப்போது சொல்.

பெரிய ராக்கெட்டுகள் வந்த பிறகும் சின்னதை ஒதுக்கவில்லை என்பதுதான் எனக்கு மிகவும் பிடித்தது. 1979-ல் பருவமழையை ஆராய்ந்த மோனெக்ஸில் ஆர்.எச்-200 வேலை செய்தது. உச்சியில் செம்பு இழைகளைத் தூவிவிடும், ரேடார் அவற்றைத் தொடர்ந்து காற்றைக் கணக்கிடும். நான் பார்த்த ஆரஞ்சு மேகத்தின் வேலையேதான், கண்ணுக்குத் தெரியாமல். 2010 ஜனவரி 15 கங்கண கிரகணம் உனக்கு ஞாபகம் இருக்கும். மொட்டைமாடியில் நாம் இரண்டு பேரும் கறுப்புக் கண்ணாடியோடு நின்றபோது தும்பாவிலிருந்து ராக்கெட்டுகள் போய்க்கொண்டிருந்தன. 2016 ஆகஸ்டில் காற்றையே உறிஞ்சி எரியும் ஸ்க்ராம்ஜெட் எஞ்சினை முதலில் சோதித்தது எதில்? 560-ஐ அடிப்படையாக வைத்துச் செய்த ராக்கெட்டில். ஆர்.எச்-200-க்குப் புது எரிபொருளை 2020-லும் மாற்றிப் பார்த்தார்கள். 2022 நவம்பர் 23 அன்று அது தொடர்ச்சியாக 200-வது முறை தவறாமல் பறந்தது. 200 முறை, மக்களே. மூன்றரை மீட்டர் நீள ராக்கெட். ஒவ்வொரு முறையும் யாரோ உன்னைப் போல இரண்டு வருஷம் உட்கார்ந்து செய்த கருவியோ, ஒரு கட்டுச் செம்பு இழையோ உள்ளே இருந்திருக்கும்.

பள்ளிப் பிள்ளைகளைத் தும்பாவுக்குக் கூட்டிப் போனபோது அந்தக் கோயிலுக்குள் நின்றேன். இப்போது அது மியூசியம். ஆர்.எச்-75 பக்கத்தில் நின்று ஒரு பிள்ளை, இவ்வளவுதானா டீச்சர் என்று கேட்டாள். அன்றைக்கும் எனக்குச் சட்டென்று பதில் வரவில்லை. பஸ்ஸில் திரும்பி வரும்போது அவளைப் பக்கத்தில் உட்காரவைத்து மார்த்தாண்டம் வருகிற வரை அந்த ஆரஞ்சு மேகத்தின் கதையைச் சொன்னேன். இறங்கும்போது, அந்தச் சோடியம் இப்போது எங்கே இருக்கும் என்று கேட்டாள். நல்ல கேள்வி. உன்னிடம் பதில் இருந்தால் எழுது.

நீ இருக்கிற அகமதாபாத் சாராபாய் பிறந்த ஊர். அங்கே செய்த கருவி நம் கடற்கரையிலிருந்து மேலே போகப் போகிறது. சரி, எந்தத் தேதி என்று முடிவானதும் சொல். ஏவுதள வாசலில் நிறுத்தினாலும் பரவாயில்லை, காலை பஸ்ஸில் வந்து பள்ளித்துறைப் பக்கம் கடற்கரையில் நிற்பேன். மூக்குக் கூம்பை மூடுவதற்கு முன்னால், அனுமதி இருந்தால், கருவியை ஒரு படம் எடுத்து அனுப்பு. கடலில் விழப்போகிறது என்றாயே, அதற்கு முன்னால் நான் ஒரு தடவை பார்த்துவிடுகிறேன்.

அன்புடன்
அம்மா