ஜாஹிதே சோன்குவை மறந்துவிட வேண்டாம்

ஆசிரியர் அவர்களுக்கு,

உலக சினிமாவின் முன்னோடிகள் குறித்துத் தங்கள் நாளிதழில் வெளிவரும் பக்கத்தைத் தவறாமல் படிக்கிறேன். துருக்கி சினிமா பற்றிய கட்டுரையில் ஒரு பெயர் விடுபட்டது என்னை உறுத்துகிறது: ஜாஹிதே சோன்கு.

இஸ்தான்புல் நகர நாடக அரங்கில் வளர்ந்தவர் அவர். முஹ்சின் எர்துருல் 1930களில் இயக்கிய படத்தில் அய்செல் என்ற கிராமத்துப் பெண்ணாக நடித்து, துருக்கியின் முதல் பெண் நட்சத்திரம் என்று பெயர் பெற்றார். அந்தப் படத்தில் அவர் தலைத்துணி கட்டிய விதத்தையே பெண்கள் பின்பற்றினார்கள் என்பார்கள்.

நடிப்போடு அவர் நின்றுவிடவில்லை என்பதுதான் எனக்கு முக்கியம். படம் இயக்கினார், 1950இல் தன் பெயரிலேயே 'சோன்கு பிலிம்' நிறுவனத்தைத் தொடங்கினார். இயக்குநர், தயாரிப்பாளர் என்றாலே ஆண்கள்தாம் என்றிருந்த காலம் அது! அந்த நாட்டின் முதல் பெண் இயக்குநர் என்று திரைப்பட வரலாறு அவரைத்தான் சொல்கிறது.

பிறகு நிறுவனம் தீவிபத்தில் சிக்கியது. கடன், குடி, வறுமை. ஒரு காலத்தில் இஸ்தான்புல்லே கொண்டாடிய அந்தப் பெண் 1981இல் கையில் ஏதுமின்றி இறந்தார். அவரைப் பற்றி எழுதுகிறவர்கள் பலர் இந்தக் கடைசி ஆண்டுகளையே உருக்கமாக விவரிக்கிறார்கள். கேமராவுக்குப் பின்னால் அவர் நின்ற ஆண்டுகளுக்கு ஒரே வரி. எனக்கு அது மிகுந்த வருத்தம் தருகிறது.

அவருடைய இயக்கத்தையும் தயாரிப்புப் பணியையும் பற்றித் தனிக் கட்டுரை ஒன்று வெளியிட வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
ஒரு வாசகி, திருநெல்வேலி