செயலாளரின் ஆண்டறிக்கை 2023–24

தலைவர் அவர்களே, மலையிலிருந்தும் சேலத்திலிருந்தும் வந்திருக்கும் உறுப்பினர்களே, வீட்டு ஆளைப் பறிகொடுத்த பின்னும் நம்மோடு வந்து உட்கார்ந்திருக்கும் தாய்மார்களே, அனைவருக்கும் வணக்கம்.

வரவு செலவைப் பொருளாளர் படிப்பார். செயற்குழு வழக்கம்போல் கூடியது, மே தினக் கொடியேற்றமும் நடந்தது. நம் தொழிலாளர் சங்கத்தின் நேரம் பெரும்பாலும் வேலையில் இறந்தவர்களின் குடும்பத்துக்கான இழப்பீட்டு வழக்குகளுக்கே போனது. ஆகவே அதைப் பற்றித்தான் விரிவாகச் சொல்லப்போகிறேன்.

ஏற்காடு பக்கம் ஓர் எஸ்டேட்டில் மிளகு பறிக்கும்போது சில்வர் ஓக் மரத்திலிருந்து ஏணியோடு சரிந்து நம் தோழர் ஒருவர் இறந்தார். வயது 40. காரியம் முடிவதற்குள் வேலை வாங்கும் மேஸ்திரி வீட்டுக்கு வந்துவிட்டார். உறைக்குள் இரண்டு லட்சம் ரொக்கம். "இனி எந்தப் பாத்தியதையும் கோர மாட்டோம்" என்று முத்திரைத்தாளில் முன்கூட்டியே டைப் அடித்திருந்தது. கைநாட்டு வைக்க மை டப்பாவும் கொண்டுவந்திருந்தார். தோழரின் மனைவி பணத்தைத் தொடவில்லை. "எங்க அண்ணன் வரட்டும், பேசிக்கலாம்" என்று திருப்பி அனுப்பிவிட்டு நமக்குத் தகவல் சொன்னார். அந்த நிலைமையில் அவர் காட்டிய நிதானத்தை இந்தச் சபை பாராட்ட வேண்டும்.

ஏனென்று கணக்கைப் பாருங்கள். அப்போது நடப்பில் இருந்த 1923ஆம் ஆண்டு தொழிலாளர் இழப்பீட்டுச் சட்டப்படி, மாதக் கூலியில் பாதியை வயதுக்குரிய காரணியால் பெருக்க வேண்டும். 40 வயதுக்கு அது 184.17. தோழரின் கூலி மாதம் 13,000 ரூபாய். பாதி 6,500, பெருக்கினால் 11,97,105 ரூபாய். ஈமச் செலவு 5,000 தனி. (கூலி எவ்வளவு அதிகமானாலும் அப்போது 15,000 வரைதான் கணக்கில் எடுத்தார்கள்.) ஒரு மாதத்துக்குள் கட்டாவிட்டால் 12 சதவீத வட்டி, நியாயமான காரணம் இல்லையென்றால் 50 சதவீதம் வரை அபராதமும் உண்டு என்றது அந்தச் சட்டம்.

இன்னொன்று. இறப்புக்கான இழப்பீட்டை முதலாளி, இந்த வழக்குகளை விசாரிக்கும் அரசு அதிகாரியான ஆணையரிடம்தான் கட்ட வேண்டும். வீட்டில் நேராகக் கொடுப்பது இழப்பீடாகாது. மூன்று மாதக் கூலி அளவு முன்பணத்தை மட்டும் கழித்துக்கொள்ளலாம். உரிமையை விட்டுக்கொடுத்ததாக எழுதி வாங்கும் தாளும் செல்லாது. ஆனாலும் அந்தத் தாளுக்குப் பயந்து சும்மா இருந்தால், மனுப் போட அந்தச் சட்டம் தந்த இரண்டு ஆண்டுக் கெடு ஓடிவிடும். துக்க வீட்டில் யார் எதை நீட்டினாலும் கையெழுத்துப் போடாதீர்கள்.

எஸ்டேட் தரப்பு, "அவர் காண்ட்ராக்ட் ஆள், எங்கள் செக்ரோலில் (வருகை, கூலிப் பதிவேட்டில்) பேரே இல்லை" என்கிறது. காண்ட்ராக்டர் மூலம் வந்தவருக்கும் பிரதான முதலாளியே, அதாவது வேலையைக் காண்ட்ராக்ட் விட்டவரே பொறுப்பு என்று அந்தச் சட்டத்தின் 12ஆவது பிரிவு சொன்னது. குடித்திருந்தார் என்றும் பேச்சைக் கிளப்பினார்கள். இதைக் கேட்டு அந்தப் பெண் அழுததை மறக்க முடியவில்லை. இறப்பு நேர்ந்த வழக்கில் அந்த வாதத்துக்குச் சட்டத்தில் இடமே கிடையாது. நம் பலம் எப்.ஐ.ஆர். எந்த எஸ்டேட், என்ன வேலை என்று அன்றே எழுத வைத்தோம். "தவறி விழுந்து இறந்தார்" என்று மட்டும் எழுதினால் பிறகு படாதபாடு பட வேண்டும்.

தோழரின் விதவைத் தாயாரும் பங்கு கேட்கிறார். அவருக்கும் உரிமை உண்டு. யாருக்கு எவ்வளவு என்பதை ஆணையர் முடிவு செய்வார். பிள்ளைகள் பங்கை வங்கியில் போட உத்தரவிடலாம். மாமியாரும் மருமகளும் விசாரணைக்கு ஒரே பஸ்ஸில் வந்து போகிறார்கள். உறவினர்கள் நடுவில் புகுந்து கெடுக்காமல் இருந்தால் போதும். வழக்கு நடந்துகொண்டிருக்கிறது.

மற்றவை சுருக்கமாக. இ.எஸ்.ஐ. (தொழிலாளர் அரசுக் காப்பீடு) உள்ள ஆலைத் தொழிலாளி வேலை விபத்தில் இறந்தால் இந்த வழி கிடையாது. குடும்பத்துக்கு மாதாமாதம் சார்ந்தோர் உதவித்தொகை வரும். சங்ககிரி லாரி ஓட்டுநர் விபத்தில் இறந்தால் இந்தச் சட்டமா, மோட்டார் வாகனச் சட்டமா என்று ஒன்றைத்தான் தேர்ந்தெடுக்க முடியும். அவசரப்படாமல் வக்கீலைக் கேளுங்கள். சாக்கடையில் இறங்கி இறந்தவர் குடும்பத்துக்கு 30 லட்சம் தர வேண்டும் என்று 2023 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. முன்பு அது 10 லட்சம்.

அடுத்த மிளகுப் பறிப்புக்கு முன் பாதுகாப்புக் கயிறும் பெல்ட்டும் தரச் சொல்லி எஸ்டேட்டுகளுக்கு மனுக் கொடுக்கத் தீர்மானம் கொண்டுவருகிறேன். அதையும் இவ்வறிக்கையையும் ஏற்று ஒப்புதல் தருமாறு கேட்டுக்கொள்கிறேன்.

செயலாளர்