திருஷ்டிப் பொட்டும் பாஸ்போர்ட் படமும்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். எட்டு பாஸ்போர்ட் படங்களுக்கு இருநூறு ரூபாய் கொடுத்துவிட்டு வெறுங்கையோடு வீடு திரும்பிய கதையை எழுதுகிறேன். இருநூறு ரூபாய்க்கு ஒரு கடிதமா என்று கேட்பீர்கள். படத்தின் விலைதான் இருநூறு. அதனால் போன நாளுக்கும், பஸ்ஸில் அழுது சோர்ந்த கைக்குழந்தைக்கும் சேர்த்துத்தான் இந்தக் கடிதம்.

என் மருமகன் துபாயில் வேலை பார்க்கிறார். மகளும் பதினொரு மாதப் பேத்தியும் அவரிடம் போக வேண்டும். மகளுக்கு பாஸ்போர்ட் இருக்கிறது, குழந்தைக்குத்தான் புதிதாக எடுக்க வேண்டும். சிறுவர்களுக்கான ஆயிரம் ரூபாய் கட்டணத்தில், எட்டு வயது வரையுள்ள பிள்ளைகளுக்குப் பத்து சதவீதத் தள்ளுபடி உண்டு. 900 ரூபாய் கட்டி நாளும் வாங்கிவிட்டோம். நான்கு வயதுக்கு உட்பட்ட குழந்தை என்றால் படத்தை நாம்தான் கொண்டுபோக வேண்டும். அகலம் 3.5 சென்டிமீட்டர், உயரம் 4.5, பின்னணி வெள்ளை. கேட்பது அவ்வளவுதான்.

ஊருக்குப் பக்கத்து நகரத்தில் ஒரு ஸ்டுடியோவுக்குப் போனோம். கடையின் பெயர் வேண்டாம், அவரும் பிழைக்க வேண்டும். பின்னால் நீலத் திரை. "வெள்ளை வேண்டுமே தம்பி" என்றேன். "அதெல்லாம் கம்ப்யூட்டரில் மாற்றிவிடலாம் ஐயா" என்றார். மாற்றினார். திரையை வெட்டியபோது குழந்தையின் இடது காதில் பாதியையும் சேர்த்து வெட்டிவிட்டார். கன்னத்தில் பாட்டி வைத்திருந்த திருஷ்டிப் பொட்டை, நாங்கள் கேட்காமலேயே அழித்தார். அழித்த இடம் சாம்பல் பூத்ததுபோல நின்றது. பிறகு முகம் முழுவதும் ஒரே வெளுப்பு. எங்கள் கடற்கரையில் வெயிலும் உப்புக்காற்றும் கொடுத்த நிறத்துக்கு ஏன்தான் இவர்கள் சுண்ணாம்பு அடிக்கிறார்களோ! பேத்தி என்னைப்போல் கறுப்பு. அதில் எங்களுக்கு ஒரு குறையும் இல்லை.

பாஸ்போர்ட் சேவை மையத்தில் இருந்த பெண் படத்தைப் பார்த்தார், குழந்தையைப் பார்த்தார், மறுபடியும் படத்தைப் பார்த்தார். குழந்தையின் கன்னத்தில் அன்றைக்கும் பொட்டு பெரிதாக இருந்தது. "திருத்திய படம் செல்லாது ஐயா, வேறு எடுத்து வாருங்கள்" என்றார். அவர் மேல் தவறில்லை. அயல்நாடுகளிலுள்ள நம் தூதரகங்களில் பாஸ்போர்ட்டுக்கு விண்ணப்பிப்பவர்களுக்கு 2025 செப்டம்பர் 1 முதல் வந்திருக்கும் விதிகளை மருமகன் பிறகு சொன்னார். படத்தில் 80 முதல் 85 சதவீதம் முகம் இருக்க வேண்டும், மென்பொருளால் திருத்தியிருக்கக் கூடாது, நிழல் விழக் கூடாது, வாய் மூடியிருக்க வேண்டும். பதினொரு மாதக் குழந்தையின் வாயை மூடவைப்பது எப்படி என்று விதி எழுதியவர்களைத்தான் கேட்க வேண்டும்.

வீட்டுக்கு வந்ததும் பள்ளிக்கூட அளவுகோலை எடுத்து அந்தப் படத்தை அளந்தேன். அகலம் 3.2. உயரம் 4.1. அளவும் இல்லை!

அடுத்த முறை நாங்களே எடுத்தோம். காலை எட்டு மணி, திண்ணையில் வெளிச்சம் உண்டு, நேர் வெயில் கிடையாது. தேய்த்த வெள்ளை வேட்டியைப் பாயின் மேல் சுருக்கமில்லாமல் விரித்துக் குழந்தையைப் படுக்க வைத்தோம். பொட்டைப் பாட்டியே முணுமுணுத்துக்கொண்டு துடைத்தாள். மகள் நின்றபடி, தன் நிழல் விழாமல், செல்போனின் பின்பக்கக் கேமராவால் மேலிருந்து எடுத்தாள். நான் அவளுக்குப் பின்னால் நின்று சாவிக்கொத்தை ஆட்டினேன். முப்பது படத்தில் ஒன்று தேறியது. கண் இரண்டும் திறந்து, வாய் மூடி, இரண்டு காதும் முழுசாக. அளவு மாற்றியதைத் தவிர அதில் எதையும் தொடவில்லை. 6க்கு 4 அங்குலத் தாள் ஒன்றில் இந்த அளவுப் படம் எட்டு அடங்கும். பிரிண்டுக்கு இருபது ரூபாய். கடைக்கு வாட்ஸ்அப்பில் சாதாரணமாக அனுப்பினால் படம் சுருங்கி மங்கிவிடும், டாக்குமென்ட்டாக அனுப்ப வேண்டும் என்று பக்கத்து வீட்டுப் பையன் சொல்லிக்கொடுத்தான். பிரிண்ட் போடும்போது தாளுக்குத் தகுந்தபடி பெரிதாக்கவோ சிறிதாக்கவோ கூடாது என்பதையும் சொல்லிவிட வேண்டும். எங்கள் முதல் படம் அளவு குறைந்தது அதனால்தான் என்று நினைக்கிறேன். இந்த முறை படம் மறுபேச்சில்லாமல் ஏற்கப்பட்டது.

இதைவிட என்னை வருத்தியது வேறு. வரிசையில் எனக்கு முன்னால் நின்ற இளைஞன் கையில் எட்டுப் படம் வைத்திருந்தான். மீன்பிடித் தடைக்காலம் முடிவதற்குள் பாஸ்போர்ட் எடுத்து, குவைத்துக்குப் படகு வேலைக்குப் போக நினைத்தவன். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் வருமானம் இல்லாத வீட்டிலிருந்து வந்தவன். அந்தப் படத்தை உள்ளே யாரும் வாங்கவே இல்லை. பெரியவர்களுக்கு அங்கேயே கவுன்ட்டரில் படம் எடுத்து, கைரேகையும் பதிகிறார்கள். இது தெரியாமல் எத்தனை பேர் "பாஸ்போர்ட்டுக்கு" என்று சொல்லி ஸ்டுடியோவில் பணம் கொடுக்கிறார்கள்! கடைக்காரருக்குத் தெரியாதா? தெரியும் என்றே நினைக்கிறேன்.

விசாவுக்குப் படம் வேண்டும், மறுக்கவில்லை. அதிலும் ஒரே அளவு எல்லா நாட்டுக்கும் ஒத்துவராது. அமெரிக்காவுக்கு இரண்டு அங்குலச் சதுரம், 2016 நவம்பரிலிருந்து கண்ணாடியும் கழற்ற வேண்டும். எந்த நாட்டுக்கு என்று ஒரு வார்த்தை கேட்டுவிட்டு வெட்டலாம் அல்லவா? கீழக்கரையிலிருந்து வந்த ஒரு சகோதரியிடம், முக்காட்டை எடுத்தால்தான் படம் செல்லும் என்று ஒரு ஸ்டுடியோக்காரர் சொன்னாராம். சமய வழக்கப்படி தலையை மறைப்பதை விதி தடுக்கவில்லை. மோவாயிலிருந்து நெற்றி வரையும், முகத்தின் இருபக்க ஓரமும் தெரிந்தால் போதும். அந்த அம்மாள் இது தெரியாமல் கூசிப்போய் நின்றிருக்கிறார்.

அஞ்சலகங்களிலும் இ-சேவை மையங்களிலும் தமிழில் ஒரு பலகை மாட்டினால் போதும். சரியான படம் ஒன்று, தவறான படம் இரண்டு, சென்டிமீட்டரில் அளவு. "பெரியவர்கள் பாஸ்போர்ட்டுக்குப் படம் கொண்டுவரத் தேவையில்லை" என்ற வரி மட்டும் மற்றவற்றைவிடக் கொட்டை எழுத்தில் இருக்கட்டும். ஸ்டுடியோக்கள் விலையை வாசலில் எழுதி வைக்கட்டும். ஒரு செல்போனும் சின்னப் பிரிண்டரும் வெள்ளைச் சுவரும் இருந்தால், எங்கள் ஊர் மகளிர் சுயஉதவிக் குழுப் பெண்களே முப்பது நாற்பது ரூபாய்க்கு இதை ஒழுங்காகச் செய்து கொடுப்பார்கள். மாவட்ட நிர்வாகம் யோசிக்கலாம். தங்கள் இதழும் இந்த அளவு விவரங்களைக் கட்டம் கட்டி ஒருநாள் வெளியிட்டால், வெட்டி வைத்துக்கொள்ள இங்கே நிறைய வீடுகள் இருக்கின்றன.

அந்த வெளுத்த படங்கள் எட்டும் கவரோடு அப்படியே இருக்கின்றன. கடைக்காரர் இருநூறு ரூபாயைத் திருப்பித் தருவதானால், கொண்டுபோய்க் கொடுக்க நான் தயார்.

இப்படிக்கு,
ஒரு தாத்தா,
தேவிபட்டினம்,
ராமநாதபுரம் மாவட்டம்.