அந்த சரிவுல பேவர் பிளாக் போடாதீங்க: எங்க பேரூராட்சிக்கு ஒரு திறந்த மடல்

தலைவர் அம்மாவுக்கும் எங்க வார்டு கவுன்சிலர் அண்ணாவுக்கும் வணக்கம்ங்க. குன்னூர் பக்கம் இருந்து ரெண்டு புள்ளைங்களோட அம்மா எழுதுறேன்.

எங்க தெருவுக்கு பின்னாடி இருக்கற சரிவ வழிச்சு எடுத்து, பேவர் பிளாக் பதிச்சு, சறுக்கு, ஊஞ்சல் எல்லாம் வெச்சு பார்க் ஆக்கப்போறதா சொல்றாங்க. நல்ல மனசோடதான் பண்றீங்க, தெரியும். ஆனா அளவெடுக்க வந்தவங்க காலைல பதினோரு மணிக்கு வந்தாங்க, புள்ளைங்க எல்லாம் ஸ்கூல்ல, அவங்களுக்கு அது காலி இடமாத்தான் தெரிஞ்சிருக்கும்.

சாயங்காலம் நாலரைக்கு வந்து பாருங்க. காத்துமழைல விழுந்த சீகை மரம் ஒண்ணு குறுக்கால கெடக்குதுல்ல, அதுதான் புள்ளைங்களோட மலை ரயில். நம்ம ரயில மேட்டுப்பாளையத்துல இருந்து குன்னூர் வரைக்கும் எஞ்சின் பின்னாடி இருந்துதான தள்ளிட்டு வரும், அதனால எஞ்சினா இருக்கறவன் கடைசிலதான் உக்காரணும், முன்னாடி உக்காந்தா ஆட்டம் செல்லாது, பெட்டிக்கு ஒரு பிரேக் பிடிக்கற ஆள் வேற வேணும், கொடிக்கு பெரணி இலை, டிக்கெட்டுக்கு கற்பூர மரத்து இலை. யாரும் சொல்லிக்குடுக்கல. என் சின்னவ கிளாஸ்ல வாயே தொறக்க மாட்டான்னு மிஸ் சொல்லுவாங்க, இங்க கல்லாறு வந்தாச்சு, இனிமே பல்சக்கரம், யாரும் எந்திரிக்கக்கூடாதுன்னு பெரிய பசங்களையே அதட்டுறா, கல்லாறு ஸ்டேஷன்ல இருந்துதான ரயில் பல்சக்கரத்த பிடிச்சு மலை ஏறும். மறுநாள் அதே மரம் தேயிலை எடை போடற ஷெட் ஆயிடும்.

ஐநா குழந்தைகள் உரிமை உடன்படிக்கைல 31வது பிரிவு விளையாட்ட உரிமைன்னே சொல்லுது, 1992ல இந்தியாவும் அத ஏத்துக்கிச்சு.

இன்னொண்ணு, சரிவு முழுக்க கல்லு பதிச்சா மழைத்தண்ணி மண்ணுல இறங்காம நேரா எங்க வாசலுக்குத்தான் வரும்.

பயம் இல்லாம இல்லைங்க. காட்டெருமை வருது, கரடியும் வருது. அதனாலதான் கேக்கறேன், அந்த காசுல உண்ணிச்செடி புதர வெட்டிவிடுங்க, உள்ள கரடி படுத்திருந்தா கூட வெளிய தெரியாது, ரோட்டோரம் ஒரு வேலி போடுங்க, ஒரு லைட்டு போதும், இருட்டறதுக்குள்ள புள்ளைங்கள நாங்களே கூட்டிட்டு வந்துருவோம். தவுட்டுப்பழ செடிய மட்டும் சேத்து வெட்டிராதீங்க, சீசன்ல அங்க எல்லாருக்கும் நாக்கு ஊதாதான்.

வேலை திங்கக்கிழமை ஆரம்பிக்குதாம். அதுக்கு முன்னாடி ஒரே ஒரு சாயங்காலம் வாங்கம்மா, அதுவரைக்கும் அந்த மரத்த அறுக்க வேணாம்னு கான்ட்ராக்டர்கிட்ட ஒரு வார்த்தை சொல்லிடுங்க.