யாழ்ப்பாணப் பத்திரிகை ஆசிரியர்களுக்கு: உங்கள் நிருபர்களை நாவல் எழுத விடுங்கள்

மதிப்புக்குரிய ஆசிரியர்களுக்கும் உரிமையாளர்களுக்கும் வணக்கம்.

வடமராட்சியில் இருந்து நீண்ட காலம் செய்தி அனுப்பிய பிரதேச நிருபர்களில் நானும் ஒருவன். என் வேண்டுகோள் இதுதான்: உங்கள் வாரமலரில் நிருபர்கள் எழுதும் தொடர் நாவலுக்கு ஒரு முழுப்பக்கம் ஒதுக்குங்கள்.

2025 ஜூனில் ஆங்கில நாவலாசிரியர் பிரெடெரிக் ஃபோர்சைத் காலமானார். அவருடைய முதல் நாவலான 'தி டே ஆஃப் த ஜக்கால்' 35 நாளில் எழுதப்பட்டது என்பதைத்தான் பலரும் வியந்து சொல்வார்கள். எனக்கு அதற்கு முந்திய வருடங்கள்தான் பெரிதாகத் தெரிகின்றன. அவர் தொழில் பழகியது இங்கிலாந்தின் நோர்ஃபோக் பகுதியில், உங்களுடையதைப் போன்ற ஒரு பிராந்தியப் பத்திரிகையில். 1961இல் ரொய்ட்டர் செய்தி நிறுவனத்தில் சேர்ந்தார். அடுத்த வருடம் பாரிஸ். பிரெஞ்சு சனாதிபதி டி கோலைக் கொல்ல ஆட்கள் அலைந்த காலம் அது. அப்புறம் கிழக்கு பெர்லின், பிபிசி, நைஜீரியாவில் பியாஃப்ரா பிரிவினை யுத்தம். பிபிசியோடு முரண்பட்டு விலகிய பிறகும் தானாகவே அந்த யுத்தபூமிக்குத் திரும்பிப் போய் எழுதினார். 1970 தொடக்கத்தில் கையில் காசும் இல்லை, வேலையும் இல்லை. அந்த நிலையில்தான் நாவலுக்கு உட்கார்ந்தார்.

டி கோலைக் கொல்ல அமர்த்தப்படும் ஒரு கூலிக் கொலையாளியின் கதை அது. டி கோல் கொல்லப்படவில்லை என்பது ஊரறிந்த விஷயம், இதை யார் வாசிப்பார்கள் என்று பதிப்பகங்கள் தயங்கின. 1971இல் புத்தகம் வந்தபோது உலகமே வாசித்தது. பொய்ப் பெயரில் கடவுச்சீட்டு எப்படி எடுப்பது, துப்பாக்கியை யாரிடம் சொல்லிச் செய்விப்பது என்று ஒரு நிருபர் விசாரித்து எழுதுவதுபோல் எழுதியிருந்தார். முடிவு தெரிந்திருந்தும் வாசகரை இருத்தி வைத்தது அந்த விவரம்தான்.

அப்படியான விவரம் உங்கள் நிருபர்களிடம் நிறைய இருக்கிறது. வலிகாமம் வடக்கில் இராணுவத்திடமிருந்து காணி விடுபட்ட அன்று தன் வீட்டு அத்திவாரத்தைத் தேடிய மனிதர் என்ன சொன்னார், இழுவைப்படகு வலையை அறுத்துக்கொண்டு போன இரவில் பருத்தித்துறைக் கரையில் யார் யாரை ஏசினார்கள், மரண விசாரணையில் தாய் எந்த இடத்தில் பேச்சை நிறுத்தினாள் என்பதெல்லாம் அவர்களுக்குத் தெரியும். பத்திரிகையில் வருவது நாலு வரி.

செய்தி எழுதியதற்காக உயிரைப் பறித்த ஊர் இது. 2000 ஒக்டோபரில் யாழ்ப்பாணப் பத்திரிகையாளர் மயில்வாகனம் நிமலராஜனை அவருடைய வீட்டிலேயே சுட்டுக் கொன்றார்கள். பெயரும் திகதியும் போட்டு எழுத முடியாமல் போனவை எத்தனையோ பேரின் கொப்பிகளில் கிடக்கின்றன. நாவலில் அவற்றை எழுதலாம். எழுதியவர்கள் உயிரோடு இருக்கும்போதே எழுத வேண்டும்.

இது நமக்குப் புதிய வழியும் இல்லை. நவசக்திப் பத்திரிகையில் உதவி ஆசிரியராக இருந்து வளர்ந்த கல்கி, தன் பெரிய நாவல்களை வாராவாரம் பத்திரிகையில்தான் எழுதினார். 1930இல் தொடங்கிய நம் ஈழகேசரியில் அ. செ. முருகானந்தன் பத்திரிகையாளராகவும் கதாசிரியராகவும் ஒரே ஆளாக இருந்தார். 1970களில் வீரகேசரி பிரசுரம் நம்மவர் நாவல்களை மலிவு விலையில் கொண்டுவந்தபோது சனம் வாங்கி வாசித்தது. வாசகர் இல்லை என்று தயவுசெய்து சொல்லாதீர்கள்.

பக்கம் மட்டும் தந்தால் போதாது. செய்திக்கு இவ்வளவு என்று எண்ணிக் கொடுக்கும் பணத்தில் வாழும் நிருபர், நாவல் எழுத வேறு வேலையை விட வேண்டியிருக்கும். அதனால் அத்தியாயத்துக்கு ஒரு நியாயமான தொகையை முதலிலேயே பேசி எழுத்தில் கொடுங்கள். பதிப்புரிமை எழுதியவரிடமே இருக்கட்டும். நான் எழுதிய ஒரு தொடரைப் புத்தகமாகப் போட அனுமதி கேட்டு அலைந்து கடைசியில் கைவிட்டேன், இளையவர்களுக்கு அது நேரக்கூடாது. அவதூறு வழக்கு வராதபடி அச்சுக்கு முன் ஒரு சட்டத்தரணி வாசிக்கட்டும். அந்தச் செலவு உங்களுடையதாக இருக்கட்டும்.

போட்டியும் பரிசளிப்பு விழாவும் வேண்டாம். உங்கள் நிருபர்களைக் கூப்பிட்டு, யாரிடம் முதல் மூன்று அத்தியாயம் இருக்கிறது என்று கேளுங்கள்.

அன்புடன்,
ஒரு முன்னாள் பிரதேச நிருபர்